தப்பான விடையை மறைக்காத மனிதர்

மலர்க் குழுவிலிருந்து போன் வந்தது. விடுதி நினைவுகள் எழுதித் தாருங்கள் என்றார்கள். மெஸ் சாம்பாரையும் நள்ளிரவு டீக்கடையையும் பற்றி என்னைவிட நன்றாக எழுதக்கூடியவர்கள் எங்கள் செட்டிலேயே பத்துப் பேர் இருக்கிறார்கள். அதனால் நான் நம் கல்லூரி வாசலை மிதிக்காத, 1953லேயே காலமாகிவிட்ட ஒரு ஆங்கிலேயரைப் பற்றி எழுதப் போகிறேன். முகம் சுளிக்காதீர்கள். சிவில், மெக்கானிக்கல், கெமிக்கல் படித்த எல்லோரும் எங்கேயாவது ஒருமுறை அவர் பெயரைத் தாண்டித்தான் வந்திருப்பீர்கள். ரிச்சர்ட்சன் எண், ரிச்சர்ட்சன் எக்ஸ்ட்ராபொலேஷன்... அந்த ரிச்சர்ட்சன்தான். லூயிஸ் ஃப்ரை ரிச்சர்ட்சன்.

முதலில் லேப் கதை ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இது இல்லாமல் அவர் கதையை என்னால் சொல்ல முடியாது.

மூன்றாம் செமஸ்டர். ஃப்ளூயிட் மெக்கானிக்ஸ் லேபில் ரெனால்ட்ஸ் சோதனை. கண்ணாடிக் குழாயில் தண்ணீர் மெல்ல ஓடும். நடுவில் ஊசிமுனை வழியாகச் சாயம் விடுவோம். வேகம் குறைவாக இருந்தால் சாயம் நூல் பிடித்த மாதிரி நேராகப் போகும். வால்வைத் திறக்கத் திறக்க நூல் நடுங்கும், நெளியும், ஒரு கட்டத்தில் சட்டென்று உடைந்து குழாய் முழுக்கக் கலந்துவிடும். சீரான ஓட்டம் கொந்தளிப்பாக மாறுகிற இடம் அது. டர்புலன்ஸ். புத்தகத்தில் 2000 என்று போட்டிருந்தது. எங்கள் பேட்ச் ரிக்கார்டு நோட்டில் அத்தனை பேருக்கும் 2000ஐ ஒட்டியே வந்திருந்தது. எப்படி வந்தது என்று பழைய மாணவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. ரீடிங்கைக் குக் பண்ணுவது நமக்கெல்லாம் கைவந்த கலை அல்லவா!

எங்கள் சார் நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, திட்டவில்லை. ஆஸ்போர்ன் ரெனால்ட்ஸ் 1883இல் மான்செஸ்டரில் இதைச் செய்தபோது, தண்ணீரை அசையாமல் வைத்து, குழாயின் வாயைப் புனல் மாதிரி வழவழப்பாகச் செய்து, 12,000க்கும் மேலே வரை நூல் உடையாமல் கொண்டு போனார் என்றார். அதே கருவி இன்னும் மான்செஸ்டரில் இருக்கிறது, இப்போது வெளியே தெருவில் ஓடும் வண்டிகளின் அதிர்வில் அதற்கு முன்னாலேயே உடைந்துவிடுகிறது என்றார். பக்கத்து ரோட்டில் லாரி போகிற நம் லேபில் முப்பது பேருக்கும் ஒரே விடை எப்படி வரும் என்று கேட்டுவிட்டு, நோட்டை மூடிக் கொடுத்தார். மார்க் போட்டாரா இல்லையா என்பது நினைவில்லை. அந்தக் கேள்வி மட்டும் நினைவில் நின்றுவிட்டது. பின்னால் ஒரு நாள் அது என்னைக் குத்தப் போகிறது என்று அப்போது தெரியாது.

ஊர் ஊராகச் சுற்றிய இளைஞர்

ரிச்சர்ட்சன் 1881 அக்டோபர் 11 அன்று இங்கிலாந்தின் நியூகாசிலில் பிறந்தார். ஏழு பிள்ளைகளில் கடைக்குட்டி. அப்பா தோல் பதனிடும் தொழில் நடத்தியவர். குடும்பம் குவேக்கர் சமயப் பிரிவைச் சேர்ந்தது. குவேக்கர்கள் என்றால் ஆடம்பரம் கூடாது, பொய் கூடாது, எந்தக் காரணத்துக்காகவும் ஆயுதம் தூக்கக் கூடாது என்று இருப்பவர்கள். இந்தக் கடைசி விஷயத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அவர் வாழ்க்கை முழுவதும் இதைச் சுற்றித்தான் திரும்புகிறது.

யார்க் நகரத்துக் குவேக்கர் பள்ளி, பிறகு நியூகாசில் கல்லூரி, பிறகு கேம்பிரிட்ஜில் கிங்ஸ் கல்லூரி. 1903இல் முதல் வகுப்பில் தேறினார். அப்புறம் நம் பையன்கள் மாதிரியே வேலைக்கு அலைச்சல். தேசிய இயற்பியல் ஆய்வகம், வேல்ஸில் ஒரு கல்லூரி, கரிமண் கம்பெனி, மறுபடியும் அதே ஆய்வகம், பிறகு பல்பு கம்பெனி. பத்து வருடத்தில் இத்தனை இடம். இந்தக் காலத்து எச்.ஆர். யாராவது அவருடைய பயோடேட்டாவைப் பார்த்திருந்தால் ஓரமாக வைத்திருப்பார்கள்.

ஆனால் அந்தக் கரிமண் கம்பெனியில்தான் விதை விழுந்தது. சதுப்பு நிலத்துக் கரிமண்ணை எரிபொருளாக எடுக்க வேண்டுமானால் முதலில் தண்ணீரை வடிக்க வேண்டும். கால்வாய்களை எப்படி வெட்டினால் நன்றாக வடியும்? சமன்பாடு இருக்கிறது, ஆனால் நிஜ நிலத்தின் கோணல்மாணலான வடிவத்துக்கு அதைத் தீர்க்க வழியில்லை. ரிச்சர்ட்சன் நிலத்தைக் கட்டம் கட்டமாகப் பிரித்தார். ஒவ்வொரு கட்டத்துக்கும் பக்கத்துக் கட்டத்துக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டும் எடுத்துக்கொண்டு கூட்டல், கழித்தல், பெருக்கலாலேயே விடைக்கு நெருங்கினார். கால்குலஸ் கணக்கு எண்கணிதக் கணக்கானது. இதே முறையில் ஒரு கல் அணைக்குள் உண்டாகும் தகைவுகளைக் கணக்கிட்டு 1910இல் ராயல் சொசைட்டிக்குக் கட்டுரை கொடுத்தார். பெரிய கட்டம், சிறிய கட்டம் என்று இரண்டு முறை கணக்குப் போட்டு, இரண்டின் வித்தியாசத்தை வைத்தே பிழையைக் குறைக்கிற உத்தியும் அந்தக் காலத்தில் பிறந்ததுதான். நாம் பரீட்சையில் எழுதிய எக்ஸ்ட்ராபொலேஷன் அது. இன்று கம்ப்யூட்டரில் மெஷ் போட்டு ஓட்டம் கணக்கிடும் தம்பி தங்கைகளே, உங்கள் பிழைப்புக்குப் பிள்ளையார் சுழி போட்டவர்களில் ஒருவர் இவர்.

1909இல் டோரதி கார்னெட்டை மணந்தார். டோரதியின் அப்பா, மாபெரும் விஞ்ஞானி மேக்ஸ்வெல்லிடம் உதவியாளராக இருந்தவர். 1912 ஏப்ரலில் டைட்டானிக் மூழ்கியது. அந்த மாதமே ரிச்சர்ட்சன், ஒலியை அனுப்பி எதிரொலியைக் கேட்டு இருட்டில் தடைகளைக் கண்டுபிடிக்கும் முறைக்குக் காப்புரிமை கேட்டார். அடுத்த மாதம் தண்ணீருக்கு அடியில் செய்யும் முறைக்கும் கேட்டார். முதலில் அதைச் செய்து பார்த்தது எப்படித் தெரியுமா? ஒரு படகு, ஒரு விசில், எதிரொலியைச் சேர்த்துப் பிடிக்கக் காதுக்குப் பின்னால் ஒரு குடை. அவ்வளவுதான் லேப்!

வைக்கோல் போரின்மேல் ஒரு கணக்கு

1913இல் வானிலைத் துறையில் சேர்ந்து, ஸ்காட்லாந்தில் எஸ்க்டேல்மூர் ஆய்வுக்கூடத்துக்குப் பொறுப்பாளராகப் போனார். ஊரை விட்டு ஒதுங்கிய, ஓயாமல் மழை பெய்கிற இடம். யோசிக்கத் தோதான இடம். காற்றும் ஒரு திரவம் மாதிரிதானே ஓடுகிறது? அதற்கும் சமன்பாடுகள் இருக்கின்றன. கரிமண் நிலத்தைக் கட்டம் போட்ட மாதிரி வானத்தையே கட்டம் போட்டுவிட்டால் நாளைய வானிலையைக் கணக்குப் போட்டே சொல்லிவிடலாமே என்று தோன்றியது. அன்றைக்கு வானிலை சொல்வது என்றால், பழைய வரைபடங்களைப் புரட்டி இன்றைய மாதிரியே இருந்த ஒரு நாளைத் தேடி, அன்றைக்கு மறுநாள் என்ன நடந்ததோ அதுவே நடக்கும் என்று சொல்வதுதான். ஏறக்குறைய ஜாதகம் பார்க்கிற கதை.

முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்தது. குவேக்கரான அவர் துப்பாக்கி தூக்க மாட்டார். ஆனால் மற்றவர்கள் சாகும்போது பத்திரமான மலைமேல் உட்கார்ந்திருக்கவும் மனம் ஒப்பவில்லை. 1916இல் அரசாங்க வேலையை ராஜினாமா செய்துவிட்டு, குவேக்கர்கள் நடத்திய ஆம்புலன்ஸ் படையில் டிரைவராகச் சேர்ந்து பிரான்ஸுக்குப் போனார். பிரெஞ்சுக் காலாட்படைப் பிரிவு ஒன்றோடு இணைந்திருந்த அந்த வண்டிப் படையில் 1919 வரை, குண்டு விழும் சாலைகளில் காயம்பட்டவர்களை ஏற்றி இறக்கினார்.

ஓய்வு கிடைத்தபோதெல்லாம், குளிரடிக்கும் தங்குமிடத்தில் வைக்கோல் குவியல்மேல் உட்கார்ந்து, கையாலேயே ஒரு வானிலைக் கணக்குப் போட்டார். உலகத்தின் முதல் முழுமையான எண்முறை வானிலைக் கணக்கு அது. 1910 மே 20 காலை ஐரோப்பாவின் நிலவரம் அவரிடம் இருந்தது. நார்வேக்காரர் பியர்க்னஸ் தொகுத்தது. அதிலிருந்து ஆறு மணி நேரத்தில் நடு ஐரோப்பாவில் ஓரிடத்தில் காற்றழுத்தம் எவ்வளவு மாறும் என்பது கேள்வி. படிவங்கள் தயாரிப்பதும் கணக்குப் போடுவதுமாக ஏறக்குறைய ஆறு வாரம் பிடித்தது. 1917 ஏப்ரலில் ஷாம்பேன் சண்டையின்போது பத்திரத்துக்காகப் பின்னால் அனுப்பிய கையெழுத்துப் பிரதி தொலைந்தே போனது. மாதங்கள் கழித்து பெல்ஜியத்தில் ஒரு நிலக்கரிக் குவியலுக்கு அடியில் கிடைத்தது.

சரி, விடை? அழுத்தம் 145 ஹெக்டோபாஸ்கல் உயரும் என்று வந்தது. சாதாரணக் காற்றழுத்தமே 1013 ஹெக்டோபாஸ்கல்தான். மிகப் பெரும் புயலின் மையத்தில்கூட அழுத்தம் நூறு அளவுக்குக் குறைந்தால் அதுவே அபூர்வம். அன்று நிஜத்தில் அழுத்தம் ஏறக்குறைய அசையவே இல்லை. ஆக, விடை தப்பு. சின்னத் தப்பு இல்லை, சிரிக்கிற அளவுக்குத் தப்பு.

இந்த இடத்தில் நிறுத்தி யோசித்துப் பாருங்கள். பார்த்தவர் யாருமில்லை. கணக்குப் போட்டது அவர் ஒருவர்தான். நடந்தது என்ன என்பதும் அவருக்கு முன்பே தெரியும், ஏனென்றால் அது நடந்து முடிந்த நாள். இங்கே கொஞ்சம், அங்கே கொஞ்சம் ரீடிங்கைத் தட்டிவிட்டிருந்தால் 145ஐ ஒன்றோ இரண்டோ ஆக்கியிருக்கலாம். என் செட்டில் எவனாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்போம். அவர் 1922இல் கேம்பிரிட்ஜ் பதிப்பகம் வழியாக வெளியிட்ட எண்முறை வானிலை முன்னறிவிப்பு நூலில், அந்த 145ஐ அப்படியே, முழுக் கணக்கோடு அச்சிட்டார். தப்பு எங்கிருந்து வந்திருக்கும் என்றும் எழுதினார்: முறை அல்ல, தொடக்கத்தில் கொடுத்த காற்று அளவீடுகளில் இருந்த பிழைதான் காரணம் என்று கை காட்டினார்.

அவர் கை காட்டியது சரியான இடம். காற்றும் அழுத்தமும் ஒன்றுக்கொன்று சமநிலையில் இருக்க வேண்டும். அளவீட்டில் சிறு பிசகு இருந்தாலும் கணக்குக்குள் நிஜத்தில் இல்லாத வேகமான அலைகள் எழுந்து விடையைத் தூக்கி எறிந்துவிடும். பல பத்தாண்டுகள் கழித்து அயர்லாந்தைச் சேர்ந்த பீட்டர் லிஞ்ச், அதே தொடக்க எண்களில் அந்தப் பிசகை மட்டும் வடிகட்டிவிட்டு அதே முறையை ஓட்டினார். அழுத்தம் ஏறக்குறைய மாறவில்லை என்றே விடை வந்தது. ரிச்சர்ட்சன் தன் கணக்கை மறைத்திருந்தாலோ அழகுபடுத்தியிருந்தாலோ, இதை யாராலும் கண்டுபிடித்திருக்க முடியாது. மறைக்காத தப்பு, பின்னால் வருகிறவனுக்குப் படியாகிறது.

அதே புத்தகத்தில் ஒரு கனவும் கண்டார். உருண்டையான ஒரு பெரிய மண்டபம். சுவரெல்லாம் உலகப் படம். தன் தன் ஊர்க் கட்டத்துக்குக் கணக்குப் போட 64,000 பேர். நடுவில் உயர்ந்த மேடையில் ஒருவர் நின்று, வேகமாகப் போகிறவர்கள்மேல் ஒரு நிற ஒளியும் பின்தங்குகிறவர்கள்மேல் வேறு நிற ஒளியும் பாய்ச்சி, கச்சேரி நடத்துகிற மாதிரி எல்லோரையும் ஒரே தாளத்தில் கொண்டுபோகிறார். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் கண்ட சூப்பர் கம்ப்யூட்டர் கனவு!

சுழல்களின் கூட்டுக் குடும்பம்

வானத்தைக் கட்டம் போட்டால் ஒரு பெரிய சிக்கல் வரும். கட்டம் இருநூறு கிலோமீட்டர் என்றால், அதற்குள் சுழலும் சூறைக்காற்றும் மரத்தடிப் புழுதிச் சுழலும் கணக்கில் எங்கே? அவற்றைத் தனித்தனியே பிடிக்க முடியாது, விடவும் முடியாது. ஏனென்றால் வெப்பத்தையும் ஈரத்தையும் மேலே கீழே கொண்டுபோவது அவைதான். கட்டத்துக்குள் அடங்காத சுழல்களின் மொத்த விளைவை மட்டும் எப்படிக் கணக்கில் சேர்ப்பது? இன்றைக்கும் டர்புலன்ஸ் மாடல் என்று நாம் சொல்வதெல்லாம் இந்தக் கேள்விக்கான விடைதான். ரெனால்ட்ஸ் 1895இல் ஓட்டத்தைச் சராசரி, ஏற்ற இறக்கம் என்று இரண்டாகப் பிரித்துக் காட்டியிருந்தார். ரிச்சர்ட்சன் அந்தச் சிந்தனையை வானத்துக்குக் கொண்டுபோனார்.

அவர் கண்ட படம் எளிமையானது. பெரிய சுழல் உடைந்து சின்னச் சுழல்களுக்குத் தன் சக்தியைக் கொடுக்கும். அவை இன்னும் சின்னதுக்குக் கொடுக்கும். இப்படியே இறங்கி இறங்கி, கடைசியில் திரவத்தின் பிசுபிசுப்பில் வெப்பமாகக் கரைந்துபோகும். தாத்தா சொத்து பேரன் வரைக்கும் பாகம் பிரிந்து காணாமல் போகிற மாதிரி. இதை அவர் 1922 நூலில், ஜொனாதன் ஸ்விஃப்டின் பழைய பாட்டுப் பாணியில் ஒரு குறும்பான சிறு பாட்டாகவே எழுதிவைத்தார். கணக்குப் புத்தகத்தில் பாட்டு! 1941இல் ரஷ்யாவின் கோல்மகோரோவ் இந்தப் படிக்கட்டுக்குத் துல்லியமான கணித வடிவம் கொடுத்தார்.

1920இல் அவர் கொடுத்தது ரிச்சர்ட்சன் எண். இரவில் தரை குளிரும். கீழே கனமான குளிர்காற்று, மேலே லேசான வெதுவெதுப்புக் காற்று. இவை கலக்க வேண்டுமானால் கனமானதை மேலே தூக்க வேண்டும், அது செலவு. மேல் காற்றும் கீழ் காற்றும் வேறு வேறு வேகத்தில் ஓடினால் அந்த உரசலில் சுழலுக்குச் சக்தி கிடைக்கும், அது வரவு. செலவுக்கும் வரவுக்கும் உள்ள விகிதம்தான் அந்த எண். எண் பெரிதானால் சுழல் செத்துவிடும்; புகை கலையாமல் அப்படியே தொங்கும். விகிதம் எங்கும் கால் பாகத்துக்கு மேல் இருந்தால் ஓட்டம் குலையாது என்று மைல்ஸ், ஹோவர்டு இருவரும் 1961இல் நிரூபித்தார்கள்.

1926இல் இன்னொரு பெரிய கண்டுபிடிப்பு. காற்றில் விட்ட இரண்டு துகள்கள் எவ்வளவு வேகமாகப் பிரியும்? அவை எவ்வளவு தூரத்தில் இருக்கின்றன என்பதைப் பொறுத்தது என்றார். தூரம் கூடக் கூட, இன்னும் பெரிய சுழல்கள் அவற்றைப் பிரிக்க ஆரம்பிக்கும். பரவல் அளவு தூரத்தின் 4/3 மடியாக வளர்கிறது என்று காட்டினார். தூரம் 8 மடங்கானால் பரவல் 16 மடங்கு. நுண்குழாயிலிருந்து கண்டம் அளவு சூறாவளிகள் வரை பல வகை அளவீடுகளைச் சேர்த்து ஒரே கோட்டில் உட்கார வைத்தார். அதே வருடம் ராயல் சொசைட்டி உறுப்பினர் ஆனார். வயது 44. உச்சத்தில் இருந்தார்.

உச்சியிலிருந்து இறங்கியவர்

இப்போது அந்தக் குவேக்கர் விஷயத்துக்கு வருகிறேன். போர் முடிந்து 1919இல் வானிலைத் துறைக்குத் திரும்பி, பென்சன் என்ற ஊரில் வேலை பார்த்தார். 1920இல் அந்தத் துறை விமானப் படையை நடத்தும் அமைச்சகத்தின் கீழ் போனது. படையின் கீழ் வேலை செய்ய முடியாது என்று இரண்டாவது தடவையும் ராஜினாமா. பிடித்த துறை, பழகிய கருவிகள், எல்லாவற்றையும் விட்டுவிட்டு லண்டனில் ஒரு ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுக்கப் போனார். டர்புலன்ஸ் ஆராய்ச்சியை அங்கிருந்துதான் தொடர்ந்தார். 4/3 விதி பிறந்ததும் அங்கேதான்.

பிறகு ஒன்று புரிந்தது. காற்றில் ஒரு பொருள் எப்படிப் பரவுகிறது என்ற அவருடைய ஆராய்ச்சியில் மிக அதிக அக்கறை காட்டியவர்கள் யார்? விஷவாயு நிபுணர்கள். முதல் உலகப் போரில் விஷவாயு என்ன செய்தது என்று ஆம்புலன்ஸ் ஓட்டிய அவருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. மனம் உடைந்தார். காற்று மண்டல ஆராய்ச்சியை நிறுத்தினார். அச்சேறாத பகுதிகளை அழித்தே விட்டார். அதில் என்ன இருந்தது என்று நமக்கு இனித் தெரியப் போவதில்லை. பின்னாளில் அவர் மனைவிதான் இந்த வேதனையைப் பதிவு செய்தார்.

தப்பான விடையை ஊரறிய அச்சிட்ட மனிதர், சரியான விடைகளை யாரும் அறியாமல் அழித்தார். இரண்டுக்கும் காரணம் ஒன்றுதான் என்று எனக்குப் படுகிறது: கணக்கு யாருக்குப் போய்ச் சேருகிறது, அது அவர்களை என்ன செய்யும் என்று அவர் ஒவ்வொரு தடவையும் கேட்டுக்கொண்டார். அழித்தது சரியா என்று நீங்கள் வாதாடலாம். அறிவை அழிப்பது பாவம் என்று என் நண்பன் ஒருவன் இதற்காக என்னோடு ஒரு ராத்திரி முழுக்கச் சண்டை போட்டிருக்கிறான். அவன் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த முடிவுக்கு விலை கொடுத்தவர் அவர்தான், வேறு யாருமில்லை.

நாற்பது வயதைத் தாண்டிய பிறகு மாணவனாக உட்கார்ந்து மனோதத்துவம் படித்துப் பட்டம் வாங்கினார். 1929 முதல் 1940 வரை ஸ்காட்லாந்தில் பெய்ஸ்லி தொழில்நுட்பக் கல்லூரியின் முதல்வர். நிர்வாகம், பாடம் எல்லாம் முடிந்த பிறகு கிடைத்த நேரத்தில் ஒரே ஆராய்ச்சி: நாடுகள் ஏன் சண்டை போடுகின்றன? ஒரு நாடு ஆயுதம் சேர்த்தால் அடுத்த நாடு பயந்து சேர்க்கும், அதைப் பார்த்து முதல் நாடு இன்னும் சேர்க்கும் என்பதைச் சமன்பாடாக எழுதினார். போர்களையும் கொலைகளையும் இறந்தவர் எண்ணிக்கையின் லாகரிதப்படி வரிசைப்படுத்தினார். இரண்டாம் உலகப் போர் வந்தபோது, இந்த வேலைக்காகவே முதல்வர் பதவியை முன்கூட்டியே விட்டார். மூன்றாவது ராஜினாமா!

நீளமான எல்லை இருந்தால் சண்டை அதிகமா என்று பார்க்கப் போனபோது ஒரு வேடிக்கை. ஸ்பெயின், போர்ச்சுகல் எல்லை ஒரு கணக்கில் 987 கிலோமீட்டர், இன்னொரு கணக்கில் 1214 கிலோமீட்டர். அளவுகோல் சிறிதாகச் சிறிதாக நீளம் கூடிக்கொண்டே போகும் என்று கண்டுபிடித்தார். அவர் இறந்தபின் 1961இல் வெளியான அந்தக் கட்டுரையை வைத்துத்தான் மாண்டெல்பிராட் 1967இல் பிரிட்டன் கடற்கரையின் நீளம் பற்றிய புகழ்பெற்ற கட்டுரையை எழுதினார். பின்னங்களின் வடிவியல் என்கிற ஃபிராக்டல் துறைக்கு அது ஒரு வாசல்.

டர்புலன்ஸ் அவரை விட்டதா? முழுதாக விடவில்லை. ஓய்வுக்காலத்தில் கில்மன் என்ற கடலோரச் சிற்றூரில் இருந்தபோது, அமெரிக்காவிலிருந்து ஹென்றி ஸ்டாம்மல் என்ற இளம் கடலியலாளர் வந்தார். இருவரும் பக்கத்துப் படகுத்துறைக்குப் போய், முள்ளங்கி மாதிரி இருக்கும் பார்ஸ்னிப் கிழங்குத் துண்டுகளை இரண்டிரண்டாகத் தண்ணீரில் போட்டு, அவை எப்படி விலகுகின்றன என்று அளந்தார்கள். வெள்ளையாக இருப்பதால் கண்ணுக்குத் தெரியும். ஏறக்குறைய முழுக்க முங்கி மிதப்பதால் காற்று தள்ளாது. கடலிலும் அதே 4/3 விதி! 1948இல் கட்டுரை வெளியானது. கிழங்கு விலையைத் தவிர வேறு செலவில்லை.

1950இல் அமெரிக்காவில் சார்னி, ஃபியோர்டாஃப்ட், வான் நாய்மன் குழு எனியாக் கம்ப்யூட்டரில் முதல் வெற்றிகரமான எண்முறை வானிலைக் கணக்கைப் போட்டது. 24 மணி நேர வானிலையைக் கணக்கிட ஏறக்குறைய 24 மணி நேரம் ஆனது. முடிவுகளைக் கிழவருக்கும் அனுப்பினார்கள். அவர் மனமாரப் பாராட்டிப் பதில் போட்டார். 1953 செப்டம்பர் 30 அன்று கில்மனில் தூக்கத்திலேயே உயிர் பிரிந்தது. போர் பற்றிய இரண்டு பெரிய நூல்களும் 1960இல்தான் முறையாக அச்சேறின.

இன்று உங்கள் போனில் நாளை மழையா என்று பார்க்கிறீர்களே, அதற்குப் பின்னால் இருப்பது அவர் வைக்கோல்மேல் உட்கார்ந்து போட்ட அதே வகைக் கணக்கு. ஆனால் டர்புலன்ஸ் முழுதாகப் பிடிபட்டுவிட்டது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். நேவியர் ஸ்டோக்ஸ் சமன்பாடுகளுக்கு முப்பரிமாணத்தில் எப்போதும் ஒழுங்கான தீர்வு உண்டா என்ற கேள்விக்கு 2000இல் கிளே நிறுவனம் பத்து லட்சம் டாலர் பரிசு அறிவித்தது. பரிசு அப்படியே இருக்கிறது. தம்பிகளே, தங்கைகளே, முயற்சி செய்யுங்கள்!

கடைசியாக என் கதை

நான் படித்து முடித்துப் பல வருடம் கழித்து, தொழிற்சாலைகளுக்குச் சுற்றுச்சூழல் அறிக்கை தயாரிக்கும் வேலையில் இருந்தேன். புகைபோக்கி எவ்வளவு உயரம், புகை எங்கே போய் இறங்கும் என்று கணக்கிடுவது. ரிச்சர்ட்சன் எண் என் சோற்றுக்கு உப்பு. ஒருமுறை ஒரு திட்டத்தில், மார்கழி மாதத்துச் சில விடியற்காலைகளில் கணக்கு வரம்பைத் தாண்டியது. இரவெல்லாம் மேலே தொங்கிய புகை, வெயில் ஏறித் தரை சூடாகிக் காற்று கலங்க ஆரம்பிக்கும்போது மொத்தமாகக் கீழே இறங்குகிற நேரம் அது. பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் ரோட்டில் இருக்கிற நேரமும் அதுதான். மேலே இருந்தவர், அந்த நாட்கள் அளவீட்டுப் பிழையாக இருக்கும், எடுத்துவிடுங்கள் என்றார். வீட்டுக் கடன், பெண்ணின் படிப்பு... எடுத்துவிட்டேன். ஆறு நாட்கள். அட்டவணை அழகாகிவிட்டது. எல்லோருக்கும் 2000 வந்த ரிக்கார்டு நோட்டு மாதிரி.

எந்த நிறுவனம் என்பது முக்கியமில்லை. கையெழுத்து என்னுடையது.

ரிச்சர்ட்சன் வாழ்க்கையை நான் முழுதாகப் படித்தது அதற்கு அப்புறம். 145 என்ற எண்ணைப் பார்த்தபோது எங்கள் சாரின் கேள்வி திரும்ப வந்தது. அடுத்த அறிக்கையிலிருந்து கெட்ட நாட்களுக்கென்று தனி அட்டவணை போட ஆரம்பித்தேன். அதனால் ஒரு வாடிக்கையாளர் போனார். வேறு சிலர் புகைபோக்கியை உயர்த்தினார்கள். பெரிய தியாகம் ஒன்றும் செய்துவிடவில்லை. அந்த ஆறு நாட்கள் திரும்பி வரவும் இல்லை. அதை இந்த மலரில் எழுதிவைப்பதுதான் என்னால் இப்போது முடிந்தது.

இப்போது படிக்கிற பிள்ளைகளுக்கு: நம் லேபில் அந்தக் கண்ணாடிக் குழாய் இன்னும் இருக்கிறதாம், விசாரித்தேன். இந்த முறை நூல் எந்த எண்ணில் உடைகிறதோ, அதையே எழுதுங்கள். 1700 வந்தால் 1700. 3100 வந்தால் 3100. பக்கத்தில் ஏன் என்று ஒரு வரி எழுதுங்கள், லாரி போச்சு என்றாவது எழுதுங்கள். இரண்டு மார்க் குறையலாம். பரவாயில்லை.

சந்திப்பு நாளன்று பார்ப்போம். மெஸ் சாம்பாரைப் பற்றி அப்போது நேரில் பேசிக்கொள்ளலாம்.

— மெக்கானிக்கல் பிரிவுப் பழைய மாணவன் ஒருவன்